அந்தக் கைப்பிடியை நம்பிச் சாயலாமா?

சித்திரை பிறந்துவிட்டால் வேலூரில் உச்சிவேளைக்கு வெளியே தலைகாட்ட முடியாது. வெயில் 100 டிகிரியைத் தாண்டுவது இங்கே செய்தியே இல்லை. அதனால் லீவு கிடைத்ததும் சத்துவாச்சாரி, காட்பாடி, ஆம்பூர், வாணியம்பாடி ஜனங்கள் மலையைப் பார்த்துக் கிளம்பிவிடுகிறார்கள். பக்கத்தில் அமிர்தி. கொஞ்சம் தள்ளி ஜலகாம்பாறை. கொண்டை ஊசி வளைவு 14-ஐயும் ஏறினால் ஏலகிரி. பௌர்ணமி என்றால் போளூர்ப் பக்கம் பர்வதமலை. தோல் ஷாப்பிலும் ஷூ கம்பெனியிலும் வாரம் முழுக்க மிஷினோடு மல்லுக்கட்டியவர்கள், பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு காற்றாட ஓர் இடம் தேடுவது எவ்வளவு நியாயமான ஆசை!

போய்ச் சேர்ந்ததும் முதலில் என்ன செய்கிறோம்? பள்ளத்தாக்கை எட்டிப் பார்க்கக் கம்பித் தடுப்பில் சாய்கிறோம். காட்சிமேடையில் பத்துப் பேர் ஒரே ஓரமாக ஒதுங்கி நின்று படம் எடுத்துக்கொள்கிறோம். ஓடைமேல் போட்ட இரும்புப் பாலத்தில் பிள்ளைகள் குதிக்கிறார்கள். அந்தக் கம்பி எத்தனை வருஷத்துக் கம்பி, அடியில் துரு ஏறியிருக்கிறதா, கடைசியாக யார் அதை அசைத்துப் பார்த்தார்கள் என்று நாம் கேட்பதில்லை. சர்க்கார் கட்டியிருக்கிறது, உறுதியாகத்தான் இருக்கும் என்று நம்பிவிடுகிறோம்.

மலையிலும் காட்டிலும் மக்களுக்காகக் கட்டப்படும் படி, பாலம், மேடை, கைப்பிடி, ஏணி எதுவானாலும் திறப்பு விழாவோடு வேலை முடிந்துவிடுவதில்லை. அன்றுதான் வேலை தொடங்குகிறது. நம் ஊரில் கட்டுவதற்கு ஆள் இருக்கிறது, நாடா வெட்ட ஆள் இருக்கிறது. வருஷா வருஷம் போல்ட்டை முடுக்கிப் பார்க்கத்தான் பெயர் சொல்லி ஓர் ஆள் இல்லை.

ஆணி அடித்த மேடை

இந்த விஷயத்தில் உலகம் முழுக்க எடுத்துக்காட்டாகச் சொல்லப்படும் விபத்து ஒன்று உண்டு. நியூசிலாந்தின் மேற்குக் கரையில் பாப்பரோவா தேசியப் பூங்கா. அங்கே கேவ் க்ரீக் என்ற ஓடை, பாறைக்குள்ளிருந்து வெளிவரும் இடம். அதை மேலிருந்து பார்ப்பதற்கு வனத்தைப் பராமரிக்கும் அரசுத் துறையே 1994-இல் ஒரு மரமேடை கட்டியது. 1995 ஏப்ரல் 28 அன்று பக்கத்து ஊர்ப் பாலிடெக்னிக்கில் வெளிப்புற விளையாட்டும் மலையேற்றமும் படிக்கும் மாணவர்கள், துறை அதிகாரி ஒருவருடன் அந்த மேடையில் ஏறி நின்றார்கள். மொத்தம் 18 பேர். மேடை அப்படியே முன்பக்கம் சாய்ந்து சுமார் 30 மீட்டர் பள்ளத்தில் விழுந்தது. 14 பேர் இறந்தார்கள். அதிகாரியும் அதில் ஒருவர்.

விசாரணை ஆணையம் கண்டுபிடித்தவற்றைப் படிக்கும்போது நெஞ்சு பதறுகிறது. மேடையின் உத்திரங்களைப் போல்ட் போட்டு முடுக்க வேண்டும் என்று இருந்தது. வேலை நடந்த அன்று துளை போடும் டிரில்லிங் மிஷின் அங்கே வந்து சேரவில்லை. கையில் இருந்த ஆணியை அடித்துவிட்டார்கள். மேடையின் பின்பாரமாக நின்று அதைச் சாயாமல் பிடித்திருக்க வேண்டிய படிக்கட்டும் சரியாகப் பிணைக்கப்படவில்லை. தகுதியுள்ள பொறியாளர் யாரும் வரைபடம் போடவில்லை. கட்டட அனுமதி வாங்கவில்லை. ஒரு நேரத்தில் ஐந்து பேருக்கு மேல் ஏறக்கூடாது என்ற பலகைக்கு ஆர்டர் கொடுத்திருந்தார்கள். அது அங்கே மாட்டப்படவே இல்லை.

ஒவ்வொன்றும் சின்ன விஷயம். எவருக்கும் கெட்ட எண்ணம் இருந்தது என்று சொல்ல முடியாது. பணம் குறைவு, ஆள் குறைவு, காட்டுக்குள் சாமான் கொண்டுபோகும் சிரமம். நம் வனத்துறையில் வேலை பார்த்த எவரைக் கேட்டாலும் இதே மூன்றையும் சொல்வார்கள். விபத்துக்குப் பிறகு அந்த நாட்டில் இதுபோன்ற எல்லாக் கட்டுமானங்களையும் சோதித்து 65-ஐ மூடினார்கள். துறை அமைச்சர் பதவி விலகினார். அரசுத் துறையே தவறு செய்தாலும் வழக்குத் தொடரலாம் என்று 2002-இல் தனிச் சட்டமே வந்தது. 14 உயிர் போன பிறகு வந்த ஒழுங்கு அது. அதே ஒழுங்கை உயிர் எதுவும் போகாமலே நாம் எடுத்துக்கொள்ளலாம்.

ஆணிக்கும் போல்ட்டுக்கும் அப்படி என்ன வித்தியாசம் என்று தோன்றலாம். மரத்தில் அடித்த ஆணியைப் பிடித்து நிறுத்துவது மரத்தின் உராய்வு மட்டும்தான். மழையில் ஊறி, வெயிலில் காய்ந்து மரம் சுருங்கச் சுருங்க அந்தப் பிடி தளரும். ஆணியை அதன் நீளவாக்கிலேயே இழுக்கும்படி பாரம் வந்தால் வழுக்கிக்கொண்டு வெளியே வந்துவிடும். போல்ட் அப்படியில்லை. ஒரு பக்கம் தலை, மறுபக்கம் வாஷரும் நட்டும். மரமோ இரும்போ உடைந்தால் ஒழிய அது கழன்று வராது. ஒரு துளை போடும் கருவி வராததால் 14 குடும்பங்கள் அழுதன.

நாலே நாளில்

வெளிநாட்டுக் கதை என்று ஒதுக்கிவிட வேண்டாம். குஜராத்தின் மோர்பியில் மச்சு ஆற்றின் மேல் இருந்த நூற்றாண்டு கடந்த தொங்குபாலத்தைப் பழுதுபார்த்து 2022 அக்டோபர் 26 அன்று திறந்தார்கள். 30-ஆம் தேதி அறுந்து விழுந்தது. 135 பேர் இறந்தார்கள். பிரதான வடம் ஒன்றில் இருந்த 49 கம்பிகளில் 22 கம்பிகள் முன்பே துருப்பிடித்துப் போயிருந்தன என்று சிறப்புப் புலனாய்வுக் குழு சொன்னது. தொங்கும் பழைய கம்பிகளை மாற்றாமல் அவற்றோடு புதியதை வெல்டிங் செய்திருந்தார்கள். மேலே புதுத் தளம் பளபளத்தது. பாரத்தைச் சுமக்கும் வடத்தின் உள்ளே யாரும் பார்க்கவில்லை. பழுதுபார்ப்பது என்றால் பெயின்ட் அடிப்பது என்று நினைக்கும் நாட்டில் மோர்பி மறக்கவே கூடாத பெயர்.

கடப்பாறையைப் பிடித்து ஏறும் மலை

நம் வட்டாரத்துக்கு வருவோம். பர்வதமலை சுமார் 4,500 அடி உயரம். உச்சியில் மல்லிகார்ஜுனேஸ்வரர் கோயில். அடிவாரத்திலிருந்து கொஞ்ச தூரம் கட்டிய படி, பிறகு கரடுமுரடான கல்பாதை. அதையும் தாண்டினால் செங்குத்துப் பாறை. பாறையில் அடித்து நிறுத்திய இரும்புக் கம்பிகளையும் சங்கிலியையும் பிடித்து ஏற வேண்டும். கடப்பாறைப் படி, தண்டவாளப் படி, ஏணிப் படி, ஆகாயப் படி என்று மக்கள் வைத்த பெயர்களே நிலைமையைச் சொல்லிவிடும். பௌர்ணமி இரவுகளில் ஆயிரக்கணக்கானோர் வரிசையாக அவற்றைப் பிடித்து ஏறியிருக்கிறார்கள். தலைமுறை தலைமுறையாகக் கைப்பட்டுக் கைப்பட்டு மழமழவென்று ஆன இரும்பு அது.

அங்கே உள்ள ஆபத்து, இரும்பு பாறைக்குள் நுழையும் இடத்தில் இருக்கிறது. வெளியே தெரியும் கம்பியில் கை படுவதால் துரு நிற்காது. கம்பியைச் சுற்றிய குழிக்குள் மழைத் தண்ணீர் இறங்கித் தேங்கும். உள்ளே இரும்பு மெல்ல மெல்ல இளைக்கும். துருப்பிடித்த இரும்பு பழைய பருமனைப் போலப் பல மடங்கு உப்பும் என்பதால், சுற்றியிருக்கும் கல்லையும் பிளந்துவிடும். மேலே முழங்கை கனம் இருக்கிற கம்பி, குழிக்குள் விரல் கனம்கூட இல்லாமல் இருக்கலாம். பார்த்தால் தெரியாது. சுத்தியால் தட்டிக் கேட்க வேண்டும், பாரம் கட்டி இழுத்துப் பார்க்க வேண்டும். ஒவ்வொரு கம்பிக்கும் ஓர் எண் போட்டு, தேதி போட்டுப் பதிவேட்டில் எழுத வேண்டும். கோயில் ஒரு துறைக்கு, காடு ஒரு துறைக்கு என்று இருக்கும் மலையில் இந்தப் பதிவேடு யார் கையில் இருக்க வேண்டும் என்பதை முதலில் முடிவுசெய்ய வேண்டும்.

இரும்பு மட்டும் உறுதியாக இருந்தாலும் போதாது. 2025 ஆகஸ்டில் இதே பர்வதமலையிலிருந்து இறங்கி வந்த இரண்டு பெண்கள் திடீரென்று பெருகிய ஓடை வெள்ளத்தில் அடித்துச் செல்லப்பட்டு இறந்தார்கள். 2024 மே 17 அன்று பழைய குற்றாலத்தில் இப்படித்தான் 17 வயது மாணவர் ஒருவர் போனார். அருவிக்கரையில் தடுப்புக் கம்பி இருந்தது, படி இருந்தது. மேலே மலையில் பெய்த மழை கீழே குளிப்பவர்களுக்குத் தெரியவில்லை. காட்டாற்றங்கரையில் கட்டும் எந்த வசதியோடும் மேல்பக்கத்தில் ஒரு மழைமானி, ஒரு நீர்மட்டக் குறி, கீழே ஒரு சைரன், உடனே மேடேற ஒரு வழி இவையும் சேர வேண்டும். இவை இல்லாமல் குளியல்துறை மட்டும் கட்டினால் அது பாதிக் கட்டடம்.

2018 மார்ச் 11 குரங்கணிக் காட்டுத்தீயில் மலையேறப் போன 23 பேரின் உயிர் போன பிறகுதான் தமிழ்நாட்டில் மலையேற்றத்துக்கு விதிகள் வந்தன. அதன் நல்ல விளைவு ஒன்றை மனம்திறந்து பாராட்டத்தான் வேண்டும். 2024 அக்டோபரில் தொடங்கிய ‘ட்ரெக் தமிழ்நாடு’ திட்டத்தில் மாநிலம் முழுக்க 40 பாதைகளைத் தேர்ந்தெடுத்தார்கள். நம் பக்கத்தில் ஏலகிரி சுவாமிமலையும் ஜலகாம்பாறையும் அதில் உண்டு. முன்பதிவு, கட்டணம், மலைவாழ் மக்களிலிருந்தே பயிற்சி பெற்ற வழிகாட்டிகள், தீக்காலத்தில் மூடல் என்று ஓர் ஒழுங்கு வந்திருக்கிறது. மேலே எத்தனை பேர் போயிருக்கிறார்கள் என்ற கணக்கு இருப்பதே பெரிய பாதுகாப்பு. மலைப்பாதைக்கு வந்த இந்த ஒழுங்கு, பாதை முடியும் இடத்தில் நிற்கும் மேடைக்கும் பாலத்துக்கும் வர வேண்டாமா?

எத்தனை பேர் தாங்கும்?

கணக்கு கடினமானதில்லை. கூட்டம் கூடும் தளம் சதுர மீட்டருக்குச் சுமார் 500 கிலோ தாங்கும்படி வடிவமைக்க வேண்டும் என்கிறது இந்தியத் தர விதி ஐ.எஸ். 875. நான்கு மீட்டருக்கு மூன்று மீட்டர் உள்ள சிறிய மேடையே 6 டன் தாங்கியாக வேண்டும். இவ்வளவு ஆட்கள் எங்கே ஏறப்போகிறார்கள் என்று கேட்கக் கூடாது. ஒரு பள்ளிக்கூடச் சுற்றுலா வந்தால் போதும்.

கைப்பிடிக்கும் கணக்கு உண்டு. சாதாரண இடத்துத் தடுப்பு, ஒரு மீட்டர் நீளத்துக்குப் பக்கவாட்டில் சுமார் 75 கிலோ அழுத்தத்தைத் தாங்கினால் போதும். நெரிசல் வரக்கூடிய இடமென்றால் சுமார் 230 கிலோ. அதாவது மூன்று மடங்கு. நம் காட்சிமேடைகளில் பின்னால் நிற்பவர்கள் நெருக்க, முன்வரிசை முழுவதும் கம்பியில் சாய்வதுதான் வழக்கம். மொட்டைமாடிக்குப் போடும் பைப்பையே மலைமுனைக்கும் போட்டுவிட்டு வந்தால் என்னவாகும் என்பதற்குப் பொறியியல் படிப்பு தேவையில்லை.

வெல்டிங் பட்டறை வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்றும் தெரியும். கம்பித் தடுப்பு நடுவில் முறிவதில்லை. தூணின் அடியில், தகட்டோடு பற்றவைத்த இடத்தில்தான் போகும். அங்கேதான் தண்ணீர் தேங்கும், சருகு சேரும், மண் மூடும். துத்தநாகக் குழம்பில் முக்கியெடுத்த கால்வனைஸ் பைப் வருஷக்கணக்கில் துருப்பிடிக்காது. அதே பைப்பை மலைமேல் கொண்டுபோய் வெல்டிங் வைத்தால், சூட்டில் அந்தப் பூச்சு எரிந்துபோகும். வெல்டிங் வேலை எல்லாவற்றையும் கீழே பட்டறையில் முடித்து, பிறகு கால்வனைஸ் செய்து, மலையில் போல்ட் மட்டும் முடுக்கினால் அந்தக் குறை வராது. ஒப்பந்தத்தில் எழுதினால் ஒரு வரி. எழுதாவிட்டால் மூன்றாவது மழைக்காலத்தில் பழுப்புக் கோடு இறங்கும்.

மரத்தூண் என்றால் மண்ணோடு சேரும் இடத்தில் ஒரு ஸ்க்ரூடிரைவரை அழுத்திப் பார்க்க வேண்டும். உள்ளே இறங்கினால் கறையானோ ஈரமோ வேலையைக் காட்டிவிட்டது என்று பொருள். சிமென்ட் தூணில் நீளவாக்கில் விரிசல் ஓடினால் உள்ளே கம்பி உப்புகிறது. பாதையில் நடப்பவர்களின் காலைவிட மழைத் தண்ணீர்தான் அதிகம் அரிக்கும். சரிவில் சில அடிக்கு ஒருமுறை கல்லைக் குறுக்கே பதித்துத் தண்ணீரை ஓரமாகத் திருப்பிவிட்டால் படிகள் நிலைக்கும். வட ஆற்காட்டு விவசாயி வேலிக்கு நடும் கல்லுக்கால் தாத்தா காலத்திலிருந்து நிற்கிறதே, துருவும் இல்லை, கறையானும் இல்லை. பள்ளத்தின் விளிம்பில் அதற்கும் பொறியாளர் கணக்குப் போட வேண்டும்தான். ஆனாலும் நம் மலைப்பாதைகளில் பைப்பையும் டைல்ஸையும் தேடிப்போகும் முன் கையெட்டும் தூரத்தில் இருக்கும் கருங்கல்லை நினைத்துப் பார்த்தால் என்ன?

சில இடங்களில் எதையும் கட்டாமல் விடுவதே நல்லது என்பதையும் சொல்லியாக வேண்டும். அருவிக்குப் பக்கத்தில் சிமென்ட் மேடை, பாறைமேல் செல்ஃபி முனை, மரத்தைச் சுற்றி இரும்பு வளையம் என்று போனால், பார்க்க வந்த காடே அங்கே இருக்காது. 2023-இல் வனப் பாதுகாப்புச் சட்டத்தைத் திருத்தியபோது, வனத்துறைத் திட்டத்தில் இடம்பெற்ற சூழல் சுற்றுலா வசதிகளுக்கு விலக்கு தந்துவிட்டார்கள். இனி காட்டுக்குள் கட்டுமானம் கூடும். கூடும்போது பராமரிக்க வேண்டியதும் கூடும். பராமரிக்க வழியில்லாத எதையும் கட்டக் கூடாது.

நம் ஊர்ப் பெயரில் ஒரு தீர்ப்பு

தோல் வட்டாரத்துக்காரர்களுக்கு இந்தப் பாடம் புதிதில்லை. 2015 ஜனவரி 31 அதிகாலை, ராணிப்பேட்டையில் தோல் கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையத்தின் தொட்டிச் சுவர் இடிந்து, பக்கத்தில் தூங்கிக்கொண்டிருந்த 10 தொழிலாளர்கள் மூழ்கி இறந்தார்கள். சுவர் தாங்குமா என்று முன்கூட்டியே ஒருவர் பார்த்திருந்தால் தடுத்திருக்கக்கூடிய சாவு.

அதற்கும் முன்னால், 1996 ஆகஸ்ட் 28 அன்று வந்த ஒரு தீர்ப்பு நம் ஊரை இந்தியச் சட்டப் புத்தகத்தில் ஏற்றியது. பாலாற்றைத் தோல் தொழிற்சாலைகள் கெடுப்பதை எதிர்த்து வேலூர் குடிமக்கள் நலப் பேரவை தொடுத்த வழக்கு. முன்னெச்சரிக்கைக் கொள்கை இந்த நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று உச்ச நீதிமன்றம் அதில் அறிவித்தது. தீங்கு வரும் என்று ஊர்க்காரன் நிரூபிக்க வேண்டியதில்லை. தீங்கு வராது என்று தொழில் செய்கிறவர்தான் காட்ட வேண்டும். ஆற்றுக்காக எழுதிய நீதி அது. மலைமேல் நிற்கும் மேடைக்கும் அதே நீதியைக் கேட்பது பேராசை ஆகாது. ‘இடிந்து விழும்’ என்று நாம் நிரூபிக்கும் நாள் வரை காத்திருந்தால் அது மோர்பியாகத்தான் இருக்கும்.

ஆம்பூரில் வெளிநாட்டுக்குப் போகும் ஷூவின் மாதிரி ஜோடியை இயந்திரத்தில் மாட்டி ஆயிரக்கணக்கான தடவை மடக்கிப் பார்க்கிறார்கள். அடிப்பாகம் விரிசல் விட்டால் சரக்கு கப்பலேறாது. தொழிற்சாலைப் பாய்லருக்கு வருஷா வருஷம் சோதனை, சான்றிதழ். அடுக்குமாடி லிஃப்டுக்கும் உரிமம். கடுமையாகச் சோதிக்கும் பழக்கம் நம் மண்ணில் இருக்கிறது. சோளிங்கர் நரசிம்மர் மலையில் 1,305 படி ஏற முடியாத முதியவர்களுக்காக 2024 மார்ச்சில் ரோப்கார் வந்தது. பெரிய வரம். ஜார்க்கண்டின் திரிகூட மலையில் 2022 ஏப்ரலில் ரோப்கார் கோளாறாகி, அந்தரத்தில் மாட்டிக்கொண்டவர்களை இரண்டு நாளாக ஹெலிகாப்டரில் மீட்டதையும் நாடு பார்த்திருக்கிறது. அங்கே மூன்று பேர் இறந்தார்கள். ரோப்காருக்குத் தினசரிச் சோதனை வேண்டும் என்பதை யாரும் மறுக்க மாட்டார்கள். மேடையும் நடைபாலமும் மட்டும் எப்படித் தானாக உறுதியாக இருக்கும்?

கேட்பது பெரிய காரியமும் இல்லை. ஒவ்வொரு மேடையிலும் பாலத்திலும் ஒரு பலகை: ஒரே நேரத்தில் எத்தனை பேர், கட்டிய வருஷம், கடைசியாகச் சோதித்த தேதி, சோதித்த பொறியாளரின் பதவி, பழுது கண்டால் அழைக்க வேண்டிய எண். மழைக்கு முன் ஒருமுறை, மழைக்குப் பின் ஒருமுறை நேரில் சோதனை. சந்தேகம் வந்தால் உடனே மூடிவிடும் அதிகாரம் அந்தக் காட்டில் நிற்கும் வனக்காப்பாளருக்கே இருக்க வேண்டும். மேலிடத்து உத்தரவு வரும்வரை கயிறு கட்டிவைத்தால் போதாது. நுழைவுக் கட்டணம் வாங்கும் இடங்களில் அதில் ஒரு பங்கு இதற்கென்றே தனியாக ஒதுக்கப்பட வேண்டும். புதிதாகக் கட்ட நிதி கேட்கும் ஒவ்வொரு கோப்பிலும் அடுத்த பத்து வருஷப் பராமரிப்புச் செலவும் எழுதியிருக்க வேண்டும். அது இல்லாத கோப்பைத் திருப்பி அனுப்ப வேண்டும்.

2019-இல் மாவட்டம் மூன்றாகப் பிரிந்த பிறகு அமிர்தி வேலூரிலும், ஏலகிரியும் ஜலகாம்பாறையும் திருப்பத்தூரிலும், சோளிங்கர் ராணிப்பேட்டையிலும் இருக்கின்றன. பர்வதமலை திருவண்ணாமலை மாவட்டம். எந்த ஊருக்கு எந்த அலுவலகம் என்று தெரிந்துகொண்டு கேட்க வேண்டியது நம் பங்கு. வேலூர் மாவட்ட ஆட்சியர் அலுவலகம் சத்துவாச்சாரியிலேயே, நெடுஞ்சாலை ஓரத்திலேயே இருக்கிறது. திங்கள்கிழமை குறைதீர்க்கும் நாளில் மனு கொடுக்கலாம். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு வனக்கோட்டத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதினால் 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். மூன்று கேள்வி போதும்: உங்கள் பொறுப்பில் உள்ள காட்சிமேடை, நடைபாலம், ஏணி, தடுப்புக் கம்பிகளின் பட்டியல் என்ன? ஒவ்வொன்றையும் கடைசியாகச் சோதித்த தேதியும் அறிக்கையும் எங்கே? இந்த ஆண்டு பராமரிப்புக்கு ஒதுக்கிய தொகை எவ்வளவு?

இந்தக் கோடையில் பிள்ளைகளோடு மலை ஏறுவதற்கு முன், அந்தக் கடிதத்தை எழுதித் தபாலில் சேர்த்துவிடுங்கள்.